ஊசி விழுந்த இடம்: பார்வைக்கோணமும் கட்புலமும் அளக்கப்பட்ட வரலாறு

எங்கள் வாப்பா தையல்காரர். அறுபத்தெட்டு வயதிலும் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு ஊசிக்காதில் நூலைத் தாமே கோத்துக்கொள்வார். யாரிடமும் கேட்கமாட்டார். ஆனால் கோத்த ஊசி கைதவறிப் பாயில் விழுந்துவிட்டால் அவருக்கு அது கிடைக்காது. "மகன், ஊசி உழுந்திட்டு, கொஞ்சம் பாருங்க" என்று கூப்பிடுவார். ஊசி அவருடைய முழங்காலுக்குப் பக்கத்திலேயே கிடக்கும். வயசு போனால் அப்படித்தான் என்று வீட்டில் எல்லோரும் நினைத்தோம். பிறகு கதவு நிலையில் தோள் இடிபடத் தொடங்கியது. பக்கத்தில் வைத்த தேத்தண்ணிக் கோப்பையைக் கை தட்டிவிடும். பள்ளிவாசலில் ஸப்பில் நிற்கும்போது அடுத்தவரின் காலை மிதித்துவிட்டு வெட்கப்படுவார்.

கண்ணாடிக் கடையொன்றில் காட்டினோம். சுவரில் இருந்த எழுத்துகளைக் கடைசி வரிக்கு முந்திய வரிவரை வாசித்தார். "இந்த வயசுக்குக் கண் நல்லா இருக்கு" என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள். ஒன்றரை வருடம் கழித்துக் கண் கிளினிக்கில் வேறொரு பரிசோதனை செய்தார்கள். வெள்ளைக் கிண்ணம் போன்ற ஓர் இயந்திரத்துக்குள் முகத்தை வைக்கச் சொல்லி, கையில் ஒரு பொத்தானைக் கொடுத்தார்கள். முடிவில் ஒரு தாள் வந்தது. தாளின் நடுவில் சின்ன வெள்ளைத் திட்டு. சுற்றிவர ஒரே கறுப்பு. குளுக்கோமா என்றார் டொக்டர். கண்ணிலிருந்து மூளைக்குப் போகும் நரம்பு சிறிது சிறிதாகச் செத்துப்போகும் நோய். மருந்து விட்டால் மிச்சத்தைக் காப்பாற்றலாம், போனது போனதுதான்.

வாப்பா அந்தத் தாளைப் பார்த்துக்கொண்டிருந்துவிட்டுச் சொன்னார்: "எனக்கு ஒண்டும் இருட்டாத் தெரியல்லியே."

அவர் பொய் சொல்லவில்லை. பார்வையின் ஓரம் தேய்ந்துபோகும்போது அங்கே கறுப்புத் திரை விழுவதில்லை. அந்த இடத்தில் ஒன்றுமே இருப்பதில்லை. இல்லாததைப் பார்ப்பதற்குக் கண்ணுக்கு வழியும் இல்லை. இருக்கிற துண்டுகளைக் கொண்டு மூளை படத்தை நிரப்பிக்கொள்கிறது. அப்படியானால், சொந்தக்காரனுக்கே தெரியாத ஒரு குறையை வெளியில் நிற்கும் இன்னொருவர் பாகைக் கணக்கில் அளந்து தாளில் வரைய முடிந்தது எப்படி? நான் தமிழ் படித்தவன். பௌதிகவியல் எனது துறை அல்ல. இருந்தாலும் அந்தத் தாள்தான் என்னை இந்த வரலாற்றுக்குள் இழுத்துவிட்டது.

முதலில் இரண்டு சொற்களைப் பிரித்துக்கொள்வோம். ஒரு பொருளின் இரு ஓரங்களிலிருந்தும் கண்ணுக்கு இரண்டு கோடுகள் இழுத்தால் கண்ணில் ஒரு கோணம் உண்டாகும். அது பார்வைக்கோணம். கையை நீட்டிப் பெருவிரலைப் பார்த்தால் அதன் அகலம் ஏறத்தாழ 2 பாகை. முழுநிலவு அரைப் பாகை. பெருவிரலால் நிலவைத் தாராளமாக மறைக்கலாம். ஒரு பாகையை 60 கூறாக்கினால் ஒரு கூறு ஒரு கலை. கட்புலம் என்பது வேறு. கண்ணை ஓரிடத்தில் நிறுத்திவைத்து, அசைக்காமல், எந்த எல்லைவரை ஏதாவது தென்படுகிறதோ அந்த முழுப் பரப்பும் கட்புலம். நமது கவிஞர்கள் கடைக்கண் என்று பாடிப் பாடிச் சலிக்காத இடம் அதன் விளிம்புதான். எழுத்து வாசிக்கும் சோதனை முதலாவதை அளக்கிறது. வாப்பாவுக்குப் பழுதாகியிருந்தது இரண்டாவது.

பார்வையைக் கோணமாக நினைக்கத் தொடங்கியவர்கள் கிரேக்கர்கள். கி.மு. 300 அளவில் யூக்கிளிட் எழுதிய ஒளியியல் நூலில், கண்ணிலிருந்து கதிர்கள் நேர்கோடாகப் புறப்பட்டுக் கூம்பு வடிவில் விரிகின்றன; கூம்பின் உச்சி கண்ணில், அடி பார்க்கப்படும் பொருளில். பெரிய கோணத்தில் தெரிவது பெரிதாகவும் சிறிய கோணத்தில் தெரிவது சிறிதாகவும் தோன்றும். அவ்வளவுதான், பார்வை முழுவதையும் கேத்திரகணிதமாக்கிவிட்டார். ஆனால் அவருடைய கதிர்களுக்கு இடையில் இடைவெளி உண்டு. அந்நூலின் பிற்காலத் திருத்தப் பிரதிக்குச் சேர்ந்த முன்னுரையொன்று இதற்கு ஓர் உதாரணம் தருகிறது: தரையில் விழுந்த ஊசியைத் தேடுகிறவன் அந்த இடத்தையே பார்த்துக்கொண்டிருந்தும் ஊசியைக் காண்பதில்லை, கதிர் அதன்மேல் படும்போதுதான் காண்கிறான். இதை முதன்முதல் அறிந்த அன்று நான் புத்தகத்தை மூடிவைத்துவிட்டுச் சற்று நேரம் இருந்தேன். விளக்கம் பிழை, ஆனால் கவனித்த விடயம் எவ்வளவு சரி!

கி.பி. இரண்டாம் நூற்றாண்டில் அலெக்சாந்திரியாவில் தொலமி அந்த இடைவெளிகளை அடைத்தார். கூம்பு முழுவதும் தொடர்ச்சியானது என்றார். கூம்பின் உச்சிக்கோணம் செங்கோணம், அதாவது 90 பாகை, என்ற கருத்தும் கிரேக்க மரபில் இருந்தது. இரு கண்ணும் திறந்திருக்கும்போது மனிதன் பக்கவாட்டில் காண்பது ஏறத்தாழ 200 பாகை என்று இன்று தெரியும். பாதிக்கும் குறைவாகவே கணக்குப் போட்டிருக்கிறார்கள். விளிம்பு எவ்வளவு ஏமாற்றும் என்பதற்கு இதுவே போதும். தொலமியின் ஒளியியல் நூலின் கிரேக்க மூலம் அழிந்துவிட்டது. அரபு மொழிபெயர்ப்பிலிருந்து பன்னிரண்டாம் நூற்றாண்டில் சிசிலியில் செய்யப்பட்ட லத்தீன் பெயர்ப்புத்தான், அதுவும் முதற்பாகம் இல்லாமல், உலகத்துக்கு மிஞ்சியது.

அரபுகளிடம் நூலறிவுக்கு முன்பே ஒரு கண் பரிசோதனை இருந்தது. வடவானில் ஏழு நட்சத்திரக் கூட்டத்தின் வால் பகுதியில் நடு நட்சத்திரத்தோடு ஒட்டினாற்போல் மங்கலாக ஒன்று தெரியும். அதற்கு அவர்கள் இட்ட பெயர் ஸுஹா. கவனிக்கப்படாதது என்ற பொருள்படும். அது தெரிகிறவனுக்கு நல்ல பார்வை. நான் ஸுஹாவைக் காட்ட அவள் சந்திரனைக் காட்டுகிறாள் என்றொரு பழமொழியும் அவர்களிடம் உண்டு. தமிழில் அதே நட்சத்திரத்துக்குப் பெயர் அருந்ததி. இந்துத் திருமணங்களில் மணமகளுக்குக் காட்டுவது இதைத்தான். ஏப்ரல், மே மாத இரவுகளில் நமது நாட்டிலிருந்தும் பார்க்கலாம். இரண்டு நட்சத்திரங்களுக்கும் இடையிலுள்ள கோணம் சுமார் 12 கலை. நல்ல கண்ணுக்கு அது பெரிய இடைவெளிதான். சிரமமெல்லாம் ஸுஹாவின் மங்கலில் இருக்கிறது. ஆக, அந்தச் சோதனை கோணத்தை விட வெளிச்சத்தையே அதிகம் சோதித்தது.

இனி இப்னுல் ஹைஸத்துக்கு வருவோம். இங்கே நான் ஒரு பிழையை ஒப்புக்கொள்ள வேண்டும். 2015 ஆம் ஆண்டு ஐக்கிய நாடுகளின் சர்வதேச ஒளி ஆண்டு. இப்னுல் ஹைஸத்தின் பெயர் உலகமெங்கும் பேசப்பட்டது. எங்கள் பாடசாலையிலும் ஒரு சுவர்ப்பலகை செய்தோம். "கமராவைக் கண்டுபிடித்தவர், மனிதக் கண்ணை முதன்முதலில் அளந்தவர், சிறை இருட்டில் ஓட்டை வழியே வந்த ஒளியைப் பார்த்து ஒளியியலைத் தோற்றுவித்தவர்" என்று அதில் எழுதியிருந்தது. எழுதியவன் நானேதான். எங்கோ வாசித்ததை அப்படியே இறக்கிவிட்டேன். பிள்ளைகள் அதைப் பார்த்துக் கொப்பியில் எழுதிக்கொண்டு போனார்கள்.

அவருடைய வாழ்க்கை பற்றி நமக்குக் கிடைப்பது கொஞ்சம். ஹிஜ்ரி 354இல், கி.பி. 965 அளவில், பஸ்ராவில் பிறந்தார். கெய்ரோவில் பாத்திமி கலீபா அல்ஹாகிமின் காலத்தில் வாழ்ந்தார். நைல் நதியைக் கட்டுப்படுத்தலாம் என்று சொன்னவர், தெற்கே போய் இடத்தைப் பார்த்ததும் அது ஆகாத காரியம் என்று உணர்ந்து, கலீபாவின் கோபத்துக்கு அஞ்சிப் பைத்தியம்போல நடித்தார். 1021இல் அல்ஹாகிம் மறைந்த பின்னரே வெளியில் வந்தார். அல்அஸ்ஹர் அருகே தங்கி நூல்களைப் பிரதி செய்து விற்று வாழ்ந்தார். இதைச் சொல்பவர் பதின்மூன்றாம் நூற்றாண்டின் இப்னுல் கிஃப்தி. இருட்டறை ஓட்டைக் கதை அதில் இல்லை. அது பிற்காலத்தவர் கட்டியது. அலங்காரம் இல்லாமலே அவருடைய ஏழு பாகங்கள் கொண்ட கிதாபுல் மனாழிர் போதிய அளவு வியப்பானது என்பதை அறிய, அப்துல் ஹமீத் சப்ரா முதல் மூன்று பாகங்களுக்குச் செய்து 1989இல் வெளியிட்ட ஆங்கில மொழிபெயர்ப்பைப் புரட்டினால் போதும்.

அவர் செய்தது என்ன? கண்ணிலிருந்து எதுவும் புறப்படவில்லை என்றார். கடும் வெளிச்சத்தைப் பார்த்தால் கண் நோகிறது. சூரியனைப் பார்த்துவிட்டு இருட்டுக்குள் திரும்பினால் அதன் சாயல் கண்ணில் நிற்கிறது. வெளியிலிருந்து ஏதோ வந்து கண்ணைத் தாக்கினால்தானே இப்படி நடக்கும்? யூக்கிளிட்டின் கூம்பை அவர் தூக்கி எறியவில்லை. கூம்பை அப்படியே வைத்துக்கொண்டு கதிர்களின் திசையை மட்டும் திருப்பிவிட்டார். கேத்திரகணிதம் முழுவதும் தப்பியது.

ஆனால் எனக்குப் பெரிதாகப் படுவது இன்னொன்று. பொருளின் பருமனைச் சொல்வதற்குக் கோணம் மட்டும் போதாது என்று அவர் நிறுவியது. கையைக் கண்ணுக்கு அருகில் பிடித்தால் அது எதிரே உள்ள சுவரையே மறைத்துவிடும். அதற்காகக் கை சுவரளவு பெரியது என்று யாரும் எண்ணுவதில்லை. ஏன்? தூரத்தையும் மனம் கணக்கில் எடுக்கிறது. தூரம் எப்படித் தெரியும்? நமக்கும் பொருளுக்கும் இடையில் விரிந்து கிடக்கும் தரையால். சிறுவயதிலிருந்து காலால் நடந்து நடந்து பழகிய அளவு அது. இதற்கு அவர் சொல்லும் சோதனை அருமையானது. ஒரு துவாரத்தின் வழியே, ஒன்றன்பின் ஒன்றாகத் தள்ளி நிற்கும் இரண்டு சுவர்களைப் பார்க்க வேண்டும். இடையிலுள்ள தரை தெரியக்கூடாது. அப்போது இரண்டு சுவரும் ஒட்டி நிற்பதுபோலவே தோன்றும். தொலமியும் தூரத்தைப் பற்றிப் பேசியிருக்கிறார்தான். ஆனால் பார்த்தல் என்பது ஒரு தீர்மானம், அனுபவத்தால் வேகமாகிவிட்ட ஒரு கணக்கு என்று இவ்வளவு விரிவாக எழுதியவர் இப்னுல் ஹைஸம்.

மூன்றாம் பாகத்தில் கட்புலத்துக்கு மிக நெருங்கி வருகிறார். மூக்குக்கு இடம்விட்டு ஓரத்தில் வெட்டிய ஒரு முழ நீளப் பலகை; அதில் வர்ணக் கோடுகள்; நிறுத்திவைக்க மெழுகுத் தண்டுகள். இரு கண்ணும் சேர்ந்து ஒன்றை எப்படிக் காண்கின்றன என்று சோதிப்பதற்கு அது. பிறகு வெள்ளைத் துண்டுகளில் சிறிய எழுத்தில் ஒரே சொல்லை எழுதச் சொல்கிறார். ஒன்றை நேரே நடுவில் வைத்து அதையே பார்க்க வேண்டும். மற்றதை மெல்ல மெல்லப் பக்கவாட்டில் நகர்த்த வேண்டும். நடுவில் உள்ள சொல் தெளிவாக இருக்கும். நகரும் சொல் கலங்கிக் கலங்கி, கடைசியில் வாசிக்க முடியாமற் போகும். கண்ணை நிறுத்து, பொருளை நகர்த்து, எங்கே இழக்கிறாய் என்று சொல். இன்றைக்கும் கட்புலப் பரிசோதனையின் இலக்கணம் இந்த மூன்றே வாக்கியந்தான்.

அவர் பாகைக் கணக்கு எழுதவில்லை. இத்தனை பாகையில் எழுத்து கலங்குகிறது, இத்தனை பாகையில் மறைகிறது என்று ஓர் எண்கூட அதில் இல்லை. வானியலில் கலை, விகலை என்று கணக்குப் போட்டவருக்கு அளக்கத் தெரியாமல் இல்லை. அவருடைய கேள்வி வேறு. பார்வை எப்படி நிகழ்கிறது என்றுதான் அவர் கேட்டார். ஒருவனுடைய பார்வை எவ்வளவு குறைந்திருக்கிறது என்று கேட்கவில்லை. இரண்டாவது கேள்விக்கு நோயாளி வேண்டும். ஆகவே எங்கள் சுவர்ப்பலகையில் எழுதிய "முதன்முதலில் அளந்தவர்" பிழை. "அளப்பதற்கான முறையைச் செய்துகாட்டியவர்" என்றிருந்தால் சரியாக இருந்திருக்கும். பார்க்கப்போனால் அது பெரிய பட்டம்.

நூலின் பயணத்தைச் சுருக்கமாகச் சொல்கிறேன். 1200 அளவில் லத்தீனுக்குப் போனது. 1572இல் பாசல் நகரில் அச்சானது. கிழக்கே கமாலுத்தீன் அல்பாரிஸி அதற்கு விரிவுரை எழுதினார். அந்த விரிவுரை இருபதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் ஹைதராபாத்தில் அச்சேறியது. 1604இல் கெப்லர், கண்ணுக்குள் உருவம் விழும் இடம் பின்னாலுள்ள விழித்திரைதான் என்றும், அது தலைகீழாக விழுகிறது என்றும் காட்டினார். இப்னுல் ஹைஸம் உணரும் இடத்தைக் கண்வில்லையில் வைத்திருந்தார், அது தவறு. ஆனால் கெப்லர் திருத்தியது அவருடைய கணக்கின் மேல் நின்றுகொண்டுதான்.

எண்கள் இதற்குப் பிறகுதான் வரத் தொடங்குகின்றன. 1674இல் றொபர்ட் ஹூக், ஒரு கலைக்குக் குறைந்த கோணத்தில் இருக்கும் இரண்டு புள்ளிகளைச் சாதாரணக் கண்ணால் பிரித்தறிய முடியாது என்று எழுதினார். தொலைநோக்கி இல்லாமல் நட்சத்திரங்களை அளந்துகொண்டிருந்த ஹெவீலியஸுடன் நடந்த சண்டையில் பிறந்த எண் அது. ஒரு கலை என்றால் மூன்றரை மீற்றர் தூரத்தில் ஒரு மில்லிமீற்றர். ஏறத்தாழ இருநூறு வருடம் கழித்து, 1862இல், நெதர்லாந்தின் உட்ரெக்ட் நகரில் ஹெர்மன் ஸ்னெல்லன் அதே எண்ணை எடுத்து எழுத்துப் பலகை செய்தார். ஒவ்வோர் எழுத்தும் குறித்த தூரத்தில் 5 கலை உயரம். எழுத்தின் கோடு ஒரு கலைத் தடிப்பு. 6 மீற்றரில் நின்று வாசிக்க வேண்டிய எழுத்தின் உயரம் 8.7 மில்லிமீற்றர் மட்டும். 60 மீற்றரில் வாசிக்க வேண்டியதை 6 மீற்றரில் நின்றுதான் வாசிக்கிறீர்கள் என்றால் உங்கள் கண் 6/60. கிளினிக் கொப்பியில் டொக்டர் கிறுக்கும் பின்னம் இதுதான். அது சதவீதம் இல்லை, இரண்டு தூரங்கள்.

ஸ்னெல்லனின் பலகை சோதிப்பது பார்வையின் மையத்திலுள்ள ஓரிரு பாகையை. அந்த ஓரிரு பாகையால்தான் வாப்பா ஊசி கோத்தார். மிச்சத்தைப் பற்றி அந்தப் பலகை வாய் திறப்பதில்லை.

மிச்சத்தின் கதையில் முதல் அதிர்ச்சியைத் தந்தவர் பிரான்ஸ் நாட்டுத் துறவி எட்மே மரியொட். 1660களில், பார்வை நரம்பு கண்ணுக்குள் நுழையும் இடத்தில் உருவம் விழுந்தால் என்ன ஆகும் என்று அறிய விரும்பினார். அங்கே பார்வை மிகக் கூர்மையாக இருக்கக்கூடும் என்பது அப்போது நியாயமான எதிர்பார்ப்புத்தான். சுவரில் இரண்டு காகிதத் துண்டுகளை ஒட்டி, ஒரு கண்ணை மூடிக்கொண்டு பின்னால் நடந்தார். ஓரிடத்தில் இரண்டாவது துண்டு முற்றாக மறைந்துபோனது! வாசகர்கள் இப்போதே செய்து பார்க்கலாம். தாளொன்றில் 8 சென்ரிமீற்றர் இடைவெளியில் இரண்டு சிறு புள்ளிகள் இடுங்கள். இடக்கண்ணை மூடி, வலக்கண்ணால் இடப்பக்கப் புள்ளியையே பாருங்கள். தாள் 30 சென்ரிமீற்றர் அளவு தூரத்தில் வரும்போது வலப்பக்கப் புள்ளி இல்லாமல் போகும். அங்கே கறுப்பு எதுவும் தெரியாது; வெறும் வெள்ளைத் தாள்தான் தெரியும். ஒவ்வொருவர் கண்ணிலும் மையத்திலிருந்து வெளிப்புறமாக 15 பாகையளவில், ஐந்தரைப் பாகை அகலத்தில் இப்படியொரு குருட்டுப்புள்ளி உண்டு. பத்துப் பன்னிரண்டு முழுநிலவை வரிசையாக அதற்குள் ஒளித்துவைக்கலாம். மரியொட்டுக்கு முன் அதைக் கண்டு சொன்னவர் யாரும் இல்லை. நான் இந்தச் சோதனையைப் பத்தாம் வகுப்பில் செய்துகாட்டும்போது ஒரு பிள்ளை கேட்டாள்: "சேர், அப்ப இவ்வளவு நாளும் அந்த இடத்தில இருந்த எல்லாத்தையும் நாங்க சும்மா நினைச்சிக்கிட்டா இருந்த?" ஓம் என்றேன்.

விளிம்புக்கு முதன்முதல் ஒழுங்கான எண்களை இட்டவர் லண்டன் மருத்துவர் தோமஸ் யங். 1801இல் றோயல் சங்கத்துக்குச் சமர்ப்பித்த கட்டுரையில், ஒரு கண்ணின் கட்புலம் மேலே 50 பாகை, மூக்குப் பக்கம் 60, கீழே 70, வெளிப்பக்கம் 90 என்று எழுதினார். புருவமும் மூக்கும் மறைப்பதால் அது வட்டமல்ல, சாய்ந்த முட்டை வடிவம். இன்று சொல்லப்படும் அளவுகள் சற்று அதிகம். வெளிப்பக்கம் 100 பாகை வரை போகும். அதாவது தோளுக்கு நேர்க்கோட்டிலும் சற்றுப் பின்னால் அசையும் கை தெரியும். கிதாபுல் மனாழிருக்கும் யங்கின் நான்கு எண்களுக்கும் இடையில் ஏறத்தாழ எண்ணூறு வருடம்.

யங் அளந்தது சுகதேகியின் கண்ணை, தம்முடைய கண்ணையே. நோயாளியின் கட்புலத்தை முறையாக வரைந்து, அதிலிருந்து நோயைக் கண்டறியலாம் என்று 1856இல் காட்டியவர் பேர்லினில் அல்பிரெக்ட் வொன் கிறேபெ. அப்போது அவருக்கு வயது இருபத்தெட்டு. தட்டையான தாளில் நடுப்புள்ளி ஒன்றைப் பார்க்கச் சொல்லிவிட்டு, சுற்றிவரக் குறிகளை வைத்து, எங்கெங்கே தெரிகிறது என்று கோடு இழுத்தார். அடுத்த வருடமே குளுக்கோமாவுக்கு ஒரு சத்திர சிகிச்சையையும் அறிவித்தார். நாற்பத்திரண்டு வயதில் காலமானார்.

தட்டைத் தாளில் ஒரு சிக்கல். சுவருக்கு ஒரு மீற்றர் முன்னால் நின்று நேரே பாருங்கள். 45 பாகை சுவரில் ஒரு மீற்றர் தள்ளி விழும். 60 பாகை 1.73 மீற்றரில். 80 பாகை ஐந்தரை மீற்றருக்கும் அப்பால். 90 பாகைக்கு உலகத்தில் எந்தச் சுவரும் போதாது. ஆகவே பிரெஸ்லௌ நகரில் ஓபெர்ட், போர்ஸ்டர் என்ற இருவரும் சுவரை வளைத்தார்கள். கண்ணை மையமாகக் கொண்ட வில் ஒன்று. அதில் நகரும் சிறு குறி. வில்லைச் சுழற்றிச் சுழற்றி எல்லாத் திசையிலும் அளக்கலாம். 1860களின் முடிவில் போர்ஸ்டரின் வில் கண் வைத்தியர்களின் அறைகளுக்குள் வரத் தொடங்கியது.

வேடிக்கை என்னவென்றால், குளுக்கோமாவைப் பொறுத்தவரை அடுத்த பெரிய அடி மீண்டும் தட்டைக்குத் திரும்பியதால் கிடைத்தது. கொப்பன்ஹேகனில் யானிக் பியெரும் என்ற வைத்தியர் 1889இல் தமது அறைக் கதவின் பின்புறத்தையே திரையாக்கினார். நோயாளியை இரண்டு மீற்றர் தள்ளி உட்காரவைத்து, சில மில்லிமீற்றர் விட்டமுள்ள வெள்ளை வட்டுகளை நகர்த்தினார். தூரம் கூடினால் கோணம் மாறாது, ஆனால் கோணம் பிடிக்கும் இடம் பெருக்கும். 30 சென்ரிமீற்றரில் மூன்று சென்ரிமீற்றர்கூட அகலமில்லாத குருட்டுப்புள்ளி, இரண்டு மீற்றரில் சாப்பாட்டுக் கோப்பை அளவாகிவிடும். அப்படிப் பெருப்பித்தபோதுதான், குளுக்கோமா நோயாளிகளின் கண்ணில் குருட்டுப்புள்ளியிலிருந்து மையத்தைச் சுற்றி வில்லாக வளையும் ஒரு இழப்பு வெளிப்பட்டது. நரம்பு நார்கள் விழித்திரையில் வளைந்து செல்லும் பாதையே அது. விளிம்பை அளப்பவர்கள் அதுவரை அதைத் தவறவிட்டிருந்தார்கள். நோய் விளிம்பிலிருந்துதான் தொடங்கும் என்று எல்லோரும் அங்கேயே தேடிக்கொண்டிருந்தார்கள்.

இதே காலத்தில் இன்னொரு கதை போர்க்களத்தில் நடந்தது. 1904-05 ரஷ்ய-ஜப்பானியப் போரில் ரஷ்யத் துப்பாக்கிகளின் குண்டுகள் சிறியவை, வேகமானவை. தலையின் ஒரு பக்கம் நுழைந்து மறுபக்கம் வெளியேறியும் சில வீரர்கள் உயிர் தப்பினார்கள். அவர்களுக்கு எவ்வளவு ஓய்வூதியம் கொடுப்பது என்று தீர்மானிக்க, பார்வையில் எவ்வளவு போயிற்று என்று அளக்க வேண்டியிருந்தது. அந்தப் பொறுப்பு தத்ஸூஜி இனோயே என்ற இளம் கண் வைத்தியருக்கு. அவர் ஒவ்வொருவரின் கட்புலத்தையும் வரைந்தார். குண்டு நுழைந்த துவாரத்தையும் வெளியேறிய துவாரத்தையும் தாமே செய்த கருவியால் அளந்து, மூளைக்குள் அது போன நேர்கோட்டைக் கணக்கிட்டார். 29 பேரின் கணக்கிலிருந்து, கட்புலத்தின் எந்தப் பகுதி மூளையின் பின்புறத்தில் எந்த இடத்தில் பதிகிறது என்ற வரைபடம் 1909இல் அச்சில் வந்தது. பார்வையின் மையத்திலுள்ள சில பாகைகளுக்கு மூளை ஒதுக்கியிருக்கும் இடம் மிகப் பெரிது. விளிம்புகளுக்குக் கொடுத்திருப்பது கொஞ்சம். ஊசிக்காது தெரிந்து முழங்காலடி தெரியாமற் போவதன் அநியாயம் மூளையிலேயே எழுதப்பட்டிருக்கிறது போலும். அறிவுக்கு இப்படியும் வழி திறக்க வேண்டியிருந்ததா என்று மனம் சங்கடப்படுகிறது. ஆனால் அந்த வரைபடம் ஓய்வூதியக் கணக்குக்காகத் தொடங்கியது என்பதை மறைக்கவும் கூடாது.

இருபதாம் நூற்றாண்டின் மிச்சத்தை விரைவாகக் கடக்கலாம். எடின்பரோவின் ட்ராக்குவேர் 1927இல் கட்புலத்தை ஒரு தீவுக்கு ஒப்பிட்டார்: நடுவில் கூரிய மலை, கரையை நோக்கிச் சரிவு, சுற்றிலும் குருட்டுக் கடல். எல்லையை மட்டுமன்றி ஒவ்வோர் இடத்தின் உயரத்தையும் அளக்க வேண்டும் என்ற எண்ணம் அந்த உவமையில் இருக்கிறது. 1945இல் சுவிட்சர்லாந்தின் பேர்ன் நகரில் ஹான்ஸ் கோல்ட்மன், வில்லை முழுக் கிண்ணமாக்கினார். கிண்ணத்தின் வெளிச்சம், குறியின் பருமன், குறியின் வெளிச்சம் எல்லாம் நிலையான அளவுக்கு வந்தன. ஒரு நாட்டில் வரைந்த தாளை இன்னொரு நாட்டில் ஒப்பிட்டுப் பார்க்க முடிந்தது. 1970களில் அதே பேர்ன் நகரில் பங்கவுஸரும் அவருடைய குழுவினரும் குறியை நகர்த்தும் வேலையைக் கணினிக்குக் கொடுத்தார்கள். இன்று நமது ஆஸ்பத்திரிகளில் இருப்பது அந்த வம்சத்து இயந்திரம்.

உலக சுகாதார அமைப்பின் வகைப்பாட்டில் ஒரு விதி உண்டு. கட்புலம் மையத்திலிருந்து 10 பாகைக்கு மேல் விரியவில்லை என்றால், எழுத்து வாசிக்கும் கூர்மை எவ்வளவு நன்றாக இருந்தாலும், அந்தக் கண் பார்வையற்றதாகவே கணக்கிடப்படும். வாப்பாவின் தாளை இந்த விதியோடு வைத்துப் பார்த்த அன்று நான் அதை அவரிடம் சொல்லவில்லை. பத்திரிகையை எழுத்துக்கூட்டாமல் வாசிக்கிற ஒரு மனிதரிடம் அதை எப்படிச் சொல்வது? அவர் சொட்டு மருந்தை நேரம் தவறாமல் விட்டுக்கொண்டார். நடக்கும்போது தலையை இரு பக்கமும் திருப்பித் திருப்பிப் பார்க்கப் பழகினார். ஊசிப் பெட்டிக்குள் ஒரு காந்தத் துண்டை வைத்துக்கொண்டார்.

வாப்பாவுக்கு இருந்தால் பிள்ளைகளுக்கும் வரக்கூடிய நோய் இது. நாற்பது கடந்த பிறகு உம்மாவின் ஆக்கினையால் நானும் போய் அந்தக் கிண்ணத்துக்குள் முகத்தை வைத்தேன். ஒரு கண்ணைக் கட்டிவிட்டார்கள். நடுவில் மஞ்சள் புள்ளி ஒன்று. அதையே பார்க்க வேண்டும்; எங்காவது வெளிச்சம் மினுங்கினால் பொத்தானை அழுத்த வேண்டும். மங்கல் மங்கலாக வருகிறது. வந்ததா, நான் நினைத்துக்கொண்டேனா என்று தெரியவில்லை. நெடுநேரம் ஒன்றுமே வராததுபோல இருந்தது, நெஞ்சு அடித்தது. கண் தானாகவே ஓரத்துக்கு ஓடப் பார்த்தது.

"சேர், வெளிச்சத்தைத் தேடாதீங்க. நடுவப் பாருங்க. அது வந்தா வரட்டும்" என்றார் அங்கே நின்ற பெண். நலமாக உள்ளவருக்கும் பாதியளவு தெரியாது, அப்படித்தான் இயந்திரம் வெளிச்சத்தைக் குறைத்துக் குறைத்து எல்லையைப் பிடிக்கிறது என்று பிறகு விளக்கினார். இன்னொன்றும் சொன்னார். இயந்திரம் இடையிடையே வேண்டுமென்றே குருட்டுப்புள்ளிக்குள் வெளிச்சத்தைப் போடும். அப்போது பொத்தான் அழுத்தினால் கண் நடுவில் நிற்கவில்லை என்று அதற்குத் தெரிந்துவிடும். மரியொட் சுவரில் கண்ட அந்த ஓட்டை, இன்று பரீட்சை எழுதுகிறவன் எட்டிப் பார்க்கிறானா என்று கவனிக்கும் மேற்பார்வையாளராகிவிட்டது.

தாள் வந்தது. 15 பாகையில், இருக்க வேண்டிய இடத்தில், ஒரே ஒரு கறுப்புத் திட்டு. மற்ற இடமெல்லாம் வெள்ளை. டொக்டர் கொப்பியில் திகதியைக் குறித்துவிட்டு, "வருஷத்துக்கொருக்கா வாங்க" என்றார். வீட்டுக்கு வந்து தாளை வாப்பாவுக்குக் காட்டினேன். அவர் அதைக் கண்ணுக்கு நேரே பிடித்து, தலையை மெல்ல இடமும் வலமும் திருப்பி, நான்கு மூலையையும் ஒவ்வொன்றாகப் பார்த்தார். பிறகு அந்தக் கறுப்புத் திட்டில் விரலை வைத்து, "இது என்ன?" என்று கேட்டார்.

"அது எல்லாருக்கும் இருக்கிறது வாப்பா" என்றேன்.